கொட்டையை எடுத்துக்கொண்டு பழத்தை எறியலாமா?

மாசி கழிந்து பங்குனி வெயில் ஏறத் தொடங்கிவிட்டால், இரும்பையைச் சுற்றியுள்ள செம்மண் தோப்புகளில் ஒரு தனி மணம் எழும். விழுப்புரம் மாவட்டம் வானூர் வட்டத்தில், ஆரோவில்லை அடுத்து அமைந்த சிற்றூர் இரும்பை. கிழக்கே கடல். வடக்கே முப்பது கிலோமீட்டருக்குள் மரக்காணத்து உப்பளங்கள். இடையே முந்திரி மரங்கள். அத்தோப்புகளினுள் நடப்போரின் காலடியில் மஞ்சளும் சிவப்புமாகப் பழங்கள் மிதிபடும். கொட்டையைத் திருகிக் கூடையில் இட்டுக்கொண்டு, பழத்தை அவ்விடத்திலேயே விட்டுச் செல்வது நெடுநாளைய வழக்கம்.

வாசக சகோதரிகளே! எறியப்படும் பொருளின் அளவைச் சற்றே எண்ணிப் பாருங்கள். முந்திரிப்பழத்தின் எடை அதன் கொட்டையைப் போல் ஐந்து முதல் பத்து மடங்கு. அதாவது, ஒரு கிலோ கொட்டை வீடு வந்து சேரும்போது, குறைந்தது ஐந்து கிலோ பழம் மரத்தடியில் மக்குகிறது. அந்தப் பழமோ வைட்டமின் சி சத்தில் ஆரஞ்சுப் பழத்தையும் பன்மடங்கு விஞ்சுவது. நாம் காசு கொடுத்து ஆரஞ்சு வாங்குகிறோம். காசின்றிக் கிடைப்பதை மிதித்துச் செல்கிறோம். வீண்விரயம் கூடாது என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கும் நாம், இந்த ஒன்றை மட்டும் கண்டுகொள்ளாமல் விட்டது ஏன்?

காரணம் இல்லாமல் இல்லை. முதற்காரணம், அப்பழம் பறித்த ஒரு நாளுக்கு மேல் தாங்காது. தோல் மெல்லியது, சாறு மிகுந்தது. இரண்டாவது, அதன் காறல். துவர்ப்புச் சத்தான டானின் அதில் நிறைந்திருப்பதால் தின்றவுடன் நாக்கு தடிக்கும், தொண்டை கரகரக்கும். மூன்றாவது காரணம் நம் சமுதாயத்திற்கே உரியது. போர்த்துகீசியர் 16ஆம் நூற்றாண்டில் பிரேசிலிலிருந்து கொண்டுவந்த இம்மரம் கோவாவில் வேரூன்றியபின், அதன் பழச்சாற்றை நொதிக்கவைத்து வடிக்கும் பெனி என்னும் மது அவ்வூருக்கே அடையாளமாயிற்று; 2009ஆம் ஆண்டில் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. ஆகவே, முந்திரிப்பழம் என்றதும் முகம் சுளிப்போர் நம் வீடுகளில் உண்டு. பழத்தின் மீது குற்றம் இல்லை. திராட்சையையும் பேரீச்சையையும் நாம் விலக்கிவிட்டோமா? பறித்த அன்றே அடுப்பில் ஏற்றிவிட்டால் நொதிக்கும் பேச்சுக்கே இடமில்லை. நுரைத்துப் பொங்கிப் புளித்த வாடை வீசும் பழத்தை மட்டும் எடுக்கவே எடுக்காதீர்கள்.

சாறு, ஊறுகாய், மிட்டாய் எனப் பல பண்டங்களை இப்பழத்திலிருந்து செய்யலாம் என்பதைக் கேரள வேளாண் பல்கலைக்கழகத்தின் மாடக்கத்தரா முந்திரி ஆராய்ச்சி நிலையம் நெடுங்காலமாகவே எடுத்துக் காட்டி வருகிறது. அவற்றுள் அதிகம் பேசப்படாத, ஆனால் இல்லத்தரசிகளுக்கு மிகவும் ஏற்ற ஒன்றை இங்கே விவரிக்கிறேன். அதன் பெயர் பழ வெண்ணெய்.

பெயரைக் கேட்டுப் பால் வெண்ணெயைத் தேட வேண்டாம். அதில் வெண்ணெயும் இல்லை, எண்ணெயும் இல்லை. பழக்கூழை மெல்லிய சூட்டில் பல மணி நேரம் வற்றக் காய்ச்சினால், ரொட்டியின் மீது வெண்ணெய்போல் வழுக்கிப் பரவும் பதம் வருகிறது. அதனால் வந்த பெயர். ஜெர்மனியின் ரைன் நதிக்கரை மக்கள் ஆப்பிளை இவ்வாறு காய்ச்சி வைத்தனர். அமெரிக்காவில் பென்சில்வேனியாவில் குடியேறிய ஜெர்மானியர் பெரிய செப்புக் கொப்பரைகளில் ஆப்பிளைக் கொட்டி, நீண்ட காம்புடைய துடுப்பால் அண்டை வீட்டாரெல்லாம் முறைவைத்துக் கிளறினர். நம் பள்ளிவாசல்களில் நோன்புக் கஞ்சி காய்ச்சும் காட்சியை இங்கே நினைத்துக்கொள்ளுங்கள்; ஏறக்குறைய அதுதான்.

ஜாமுக்கும் இதற்கும் என்ன வேறுபாடு? ஜாம் வேகமான தீயில் கொதிப்பது. பழத்திலுள்ள பெக்டின், சர்க்கரை, புளிப்பு மூன்றும் சேர்ந்து அதனைக் கட்டியாக்குகின்றன. பழ வெண்ணெய் நீர் வற்றுவதால் மட்டுமே கெட்டிப்படுகிறது. எனவே சர்க்கரை குறைவாகப் போதும். அமெரிக்கச் சட்டம் பழ வெண்ணெய்க்கு ஐந்து பங்கு பழத்திற்கு இரண்டு பங்கு இனிப்பு என்று வரையறுத்திருக்கிறது. ஜாமில் ஏறக்குறையப் பழத்தின் அளவுக்கே சர்க்கரை கொட்டுகிறோம்.

ஆனால் பத்து மணி நேரம் அடுப்பருகே நின்று கிளற இன்று யாருக்கு ஓய்வு இருக்கிறது? இங்குதான் ஸ்லோ குக்கர் என்னும் மின்கலம் கைகொடுக்கிறது. நம் வீடுகள் பலவற்றில் துபாயிலிருந்தோ சிங்கப்பூரிலிருந்தோ வந்த ஒன்று அட்டைப்பெட்டி பிரிக்கப்படாமல் பரணில் தூங்கிக்கொண்டிருக்கும். இதனை வாசிக்கும் சகோதரிகளில் சிலர் இப்போதே பரணை அண்ணாந்து பார்ப்பீர்கள்! இர்விங் நாக்சன் என்னும் அமெரிக்கர் 1940ஆம் ஆண்டில் இதற்குக் காப்புரிமை பெற்றார். 1971ஆம் ஆண்டில் 'கிராக் பாட்' என்ற பெயரில் கடைக்கு வந்தபோதுதான் உலகம் இதனை அறிந்தது. பீங்கான் பாத்திரத்தைச் சுற்றிலும் இதமான சூடு பரவுவதால் அடிப்பிடிப்பது அரிது. பிரியாணிக்குத் தம் போடத் தெரிந்தவர்களுக்கு இதன் தத்துவத்தை விளக்க வேண்டியதில்லை. 200 வாட் கலமானால் பத்து மணி நேரத்திற்கு இரண்டு யூனிட் மின்சாரம்தான் செலவாகும்.

இனி செய்முறைக்கு வருவோம்.

நன்கு பழுத்த, அடிபடாத முந்திரிப்பழம் ஒன்றரைக் கிலோ; பழுத்த கொய்யா ஒரு கிலோ. கொய்யா எதற்கு என்று கேட்பீர்கள். முந்திரிப்பழம் நார்ச்சத்தும் நீருமாக இருப்பது. தனியே காய்ச்சினால் பதம் பொரபொரவென்று நிற்கும். கொய்யாவில் பெக்டின் மிகுதி. அது கூழை ஒன்றாகப் பிணைத்து வழவழப்பைத் தரும். சித்திரையில் மாம்பழம் மலிந்துவிட்டால் கொய்யாவுக்குப் பதில் மாம்பழமும் ஆகும். எனினும் மணத்தில் மாம்பழம் மற்றதை அமுக்கிவிடுகிறது. என் வாக்கு கொய்யாவுக்கே.

கொட்டையைத் திருகி எடுக்கும்போது கவனம் தேவை. கொட்டையின் ஓட்டில் உள்ள எண்ணெய் தோலைப் புண்ணாக்கும் தன்மையுடையது. கையில் தேங்காய் எண்ணெய் தடவிக்கொள்ளுங்கள். ஓடு சிதைந்து கறுப்பு எண்ணெய் வழிந்த பழத்தை ஒதுக்கிவிடுங்கள். பிள்ளைகளை இவ்வேலையில் விட வேண்டாம். முந்திரிப்பருப்பு ஒவ்வாதவர்கள் வீட்டில் இருந்தால் இப்பண்டமே வேண்டாம்.

மற்றொரு செய்தியையும் தோப்புக்காரரிடம் கேட்டறிந்த பிறகே பழத்தைத் தொடுங்கள். பூக்கும் பருவத்தில் தேயிலைக் கொசு என்னும் பூச்சிக்காக முந்திரிக்கு மருந்து தெளிப்பது உண்டு. கேரளத்தின் காசர்கோட்டில் முந்திரித் தோட்டங்களின் மீது வானிலிருந்து எண்டோசல்பான் தெளிக்கப்பட்டதையும், அதன்பின் அங்குள்ள குடும்பங்கள் தலைமுறையாகப் படும் துயரத்தையும் அறிவீர்கள். 2011ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் அம்மருந்தைத் தடை செய்தது. ஆயினும் வேறு மருந்துகள் இருக்கின்றன. கொட்டைக்கு ஓடு கவசமாக நிற்கிறது. பழத்திற்கு அப்படி ஏதும் இல்லை. எப்போது, எதைத் தெளித்தார்கள் என்று தெரியாத தோப்பின் பழம் இலவசமாகக் கிடைத்தாலும் வேண்டாம்.

காறலைப் போக்குவதுதான் முழு வேலையின் உயிர்நாடி. லிட்டர் தண்ணீருக்கு 20 கிராம் கல்லுப்பு கரைத்துக் கொதிக்கவிடுங்கள். மரக்காணத்து உப்பே போதும். இதற்கு அயோடின் கலந்த தூளைத் தேட வேண்டாம். கொதிக்கும் உப்புநீரில் முழுப் பழங்களை ஐந்து நிமிடம் போட்டெடுத்து, அந்நீரைக் கொட்டிவிட்டு, நல்ல நீரில் இருமுறை அலசுங்கள். பிறகு இட்லிச் சட்டியில் வைத்துக் கால் மணி நேரம் ஆவியில் வேகவிடுங்கள். ஆறியதும் இருமுனையையும் நறுக்கி எறிந்துவிட்டு, துண்டாக்கி மிக்ஸியில் அரையுங்கள். கொய்யாவைத் தனியே சிறிது நீர்விட்டு வேகவைத்து அரைத்துக்கொள்ளுங்கள். இரண்டையும் கண் சல்லடையில் தேய்த்து வடித்தால் நாரும் விதையும் நின்றுவிடும். ஏறக்குறைய இரண்டு கிலோ கூழ் தேறும். ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள். சிறிது துவர்ப்பு எஞ்சியிருக்கும். அது இருக்கட்டும், முற்றிலும் நீங்கிவிட்டால் பழத்தின் குணமே போய்விடும்.

இரண்டு கிலோ கூழுக்கு 700 கிராம் சர்க்கரை. பனைவெல்லம் சேர்ப்பவர்கள் நிறம் கறுக்கும் என்பதை அறிந்து சேர்க்கவும். மூன்று எலுமிச்சம்பழச் சாறு கட்டாயம். இது சுவைக்காக மட்டும் அன்று, காரணத்தைப் பின்னர் சொல்கிறேன். ஒரு விரல்நீளப் பட்டை, அரைத் தேக்கரண்டி சுக்குப் பொடி.

அனைத்தையும் குக்கரில் ஊற்றி, முதல் ஒரு மணி நேரம் உயர்ந்த சூட்டில் மூடிவையுங்கள். அதன்பின் குறைந்த சூட்டுக்கு மாற்றி, மூடியைத் திறந்துவிட வேண்டும். பலருக்கும் இது கைகூடாமற் போவதற்குக் காரணம் இந்த மூடிதான். மூடியிருந்தால் ஆவி நீராகித் திரும்ப உள்ளேயே சொட்டும். விடிய விடியக் காய்ச்சினாலும் கூழ் கூழாகவே இருக்கும். விளிம்பின் மீது இரண்டு மரக்கரண்டிகளைக் குறுக்காக வைத்து, அவற்றின்மேல் மூடியைச் சாய்த்துவிடுங்கள். ஆவி வெளியேறும், பூச்சி விழாது. தொடக்கத்தில் இரண்டு மணிக்கு ஒருமுறையும், கெட்டியான பின் அரைமணிக்கு ஒருமுறையும் கிளறினால் போதும். குமிழி வெடித்துக் கையில் தெறிக்கும். நீண்ட அகப்பையைப் பயன்படுத்துங்கள்.

இஷாத் தொழுகை முடித்து ஏற்றிவைத்தால் காலையில் பதம் நெருங்கிவிடும். இடையில் நீண்ட நேரம் மின்சாரம் நின்றுவிட்டால் காத்திருக்க வேண்டாம். கனத்த சட்டிக்கு மாற்றி, அடுப்பின் சிறு தீயில் கிளறியே முடித்துவிடுங்கள். குக்கர் இல்லாத வீட்டாருக்கும் இதுவே வழி. மண்சட்டியும் தணலும் போதும், கை மட்டும் ஓயக்கூடாது.

பதம் அறிவது எப்படி? தொடக்கத்தில் அகப்பைக் காம்பைக் கூழில் நிறுத்தி, எட்டிய இடத்தில் நூல் கட்டிக்கொள்ளுங்கள். அந்த உயரத்தில் மூன்றில் ஒரு பங்கு இறங்கியதும் சோதிக்கலாம். குளிர்ந்த தட்டில் ஒரு கரண்டி வையுங்கள். சுற்றிலும் நீர் வளையம் கசிந்தால் இன்னும் வற்ற வேண்டும். குவித்தது குவித்தபடி நின்றால் இறக்கிவிடலாம். பட்டையை எடுத்துவிடுங்கள். ஒன்றேமுக்கால் கிலோ அளவில் கிடைக்கும்.

இப்போது எலுமிச்சைக்கு வருகிறேன். ஜாம் வெளியில் கெடாமல் இருப்பது அதன் சர்க்கரையால். நாம் செய்தது சர்க்கரை குறைந்த பண்டம்; அதற்குக் காவல் புளிப்பும் குளிரும்தான். காற்றுப்புகாத புட்டிகளில் உயிர்க்கொல்லி நஞ்சை உண்டாக்கும் போட்டுலினம் என்னும் நுண்ணுயிர், புளிப்பை அளக்கும் பி.எச். அளவு 4.6க்கும் கீழே இருந்தால் வளராது. முந்திரிப்பழத்தின் புளிப்பு இனத்துக்கு இனம், மரத்துக்கு மரம் மாறுவது. ஆகவே எலுமிச்சையைக் குறைக்காதீர்கள். புட்டியை அலமாரியிலும் வைக்காதீர்கள். கொதிநீரில் பத்து நிமிடம் கிடந்த கண்ணாடிப் புட்டிகளில் சூடாகவே நிரப்பி, ஆறியதும் குளிர்பெட்டியில் வைத்தால் மூன்று வாரம் தாங்கும். ஃப்ரீசரில் ஆறு மாதம் வரை வைக்கலாம். ஈரக் கரண்டி ஆகாது. பூஞ்சை தென்பட்டால் மேலாக வழித்துவிட்டு உண்ணும் சிக்கனம் வேண்டாம். முழுப் புட்டியையும் கொட்டிவிடுங்கள்.

உண்மை ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். பத்து மணி நேரச் சூட்டில் வைட்டமின் சி பெரும்பாலும் போய்விடும். சத்துக்காக என்றால் பழத்தை உப்பிட்டுப் பச்சையாகத் தின்பதே மேல். பழ வெண்ணெய் சுவைக்காகவும், வீணாவதைத் தடுப்பதற்காகவுமே. அதில் ஐந்தில் இரண்டு பங்கு சேர்த்த சர்க்கரை என்பதால் நீரிழிவு உள்ளவர்களுக்கு ஏற்றதன்று.

விற்பனை செய்ய விரும்பும் சகோதரிகளும் இருப்பீர்கள். இரும்பைக்கு அருகே கோட்டக்குப்பத்திலும், கடற்கரைச் சாலையின் சிற்றூர்களிலும் இதனை எளிதாகத் தொடங்கலாம். பழத்திற்குப் பெரிதாக முதல் வேண்டியதில்லை. 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூர் மாவட்டத்து முந்திரிக் காடுகளை ஓர் இரவில் சாய்த்ததை இப்பகுதியினர் மறந்திருக்க மாட்டார்கள். கொட்டை ஒன்றையே நம்பிய குடும்பங்கள் பல ஆண்டுகள் தவித்தன. நிற்கும் மரங்களிலிருந்து இரண்டாவது வருவாய் ஒன்று கிடைக்குமானால் அதனை விடுவானேன்? ஆயினும் 2006ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி பதிவு செய்துகொள்ளாமல் ஒரு புட்டியும் விற்கக் கூடாது. சீட்டில் 'ஜாம்' என்றும் எழுதாதீர்கள். கரையும் திடப்பொருள் 65 சதவீதம் இருந்தால்தான் நம் நாட்டில் அப்பெயரிட முடியும். நம்முடையது அதற்கும் குறைவு. விற்பதற்குமுன் ஒவ்வொரு காய்ச்சலிலும் பி.எச். அளவைச் சோதித்துக்கொள்வதும் அவசியம்.

வீட்டளவில் செய்பவர்களுக்கு இத்தனை சட்டம் இல்லை. சூடான ரொட்டிக்கும் ஆப்பத்திற்கும் தொட்டுக்கொள்ளலாம். இறைச்சி வறுவலோடு ஒரு கரண்டி வைத்தால் துவர்ப்பும் இனிப்புமாக நன்றாகவே சேரும். சல்லடையில் நின்ற நாரை மாட்டுக் கழனியில் போடலாம். வைகாசியில் முந்திரிப்பழம் ஓய்ந்ததும், இதே அளவில் இரண்டு கிலோ கூழும் கொய்யாவாகவே எடுத்துக் காய்ச்சுங்கள். அதற்கு உப்புநீர் தேவையில்லை, எலுமிச்சை மட்டும் மூன்றே இருக்கட்டும்.