காஞ்சியின் கடல் விளக்கு

காஞ்சிபுரத்திற்கும் கடலுக்கும் இடையே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவு உண்டு. பட்டுக்கும் கோயில்களுக்கும் பெயர்பெற்ற அந்நகருக்குக் கலங்கரை விளக்கத்தோடு என்ன தொடர்பு என்று மாணவ நேயர்கள் கேட்கலாம். விடை சங்க நூலிலேயே இருக்கிறது.

காஞ்சியிலிருந்து ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைக் கடியலூர் உருத்திரங்கண்ணனார் பெரும்பாணாற்றுப்படையில் பாடினார். அவனிடம் பரிசில் பெறச் செல்லும் பாணனுக்கு வழி கூறுகையில், நீர்ப்பெயற்று என்னும் துறைமுகத்தை அவர் காட்டுகிறார். அங்கே கூரை வேயாத உயர்ந்த மாடம் ஒன்று, ஏறுவதற்கு ஏணி, இரவில் அதன் உச்சியில் எரியும் தீ கடலிற் செல்லும் மரக்கலங்களை அழைக்கிறது. அழைக்கிறது என்பதைக் கவனியுங்கள். ‘கலங்கரை விளக்கம்’ என்பதிலுள்ள ‘கரை’ கடற்கரை அன்று. கரைதல், அதாவது கூவி அழைத்தல். காக்கை கரைகிறது என்கிறோமே, அதே சொல்.

தீயை ஏன் அவ்வளவு உயரத்தில் ஏற்றவேண்டும்? பூமி உருண்டை. 4 மீட்டர் உயரத்திலுள்ள விளக்கின் தொடுவானம் 7 கிலோமீட்டருக்குச் சற்றே மேல். 36 மீட்டரில் 21 கிலோமீட்டருக்கு மேல். உயரம் ஒன்பது மடங்கானால் தொலைவு மூன்று மடங்கே ஆகிறது. நம் கரையோ தாழ்ந்த மணற்கரை. இருளில் துறை தெரியாத மாலுமி ஊரைக் கடந்து போய்விடுவான்; அல்லது அலை உடையும் ஆழமற்ற நீரில் கலத்தைச் செலுத்தி உயிரையே இழப்பான். ஆகவே, குன்று கிடைத்த இடத்தில் அதை விட்டுவிட அறிவுடையோர் எவருக்கும் மனம் வராது.

நீர்ப்பெயற்று என்பது இன்றைய மாமல்லபுரமே என்பர் அறிஞர் சிலர். அங்கே மகிடாசுரமர்த்தினி குகைக்கு மேல், பாறையின் உச்சியில் ஓலக்கண்ணேசுவரர் கோயில் நிற்கிறது. இராசசிம்ம பல்லவன் காலத்தது, எட்டாம் நூற்றாண்டின் தொடக்கம் என்று கூறுவர். 720-இல் சீனத்திற்குத் தூது அனுப்பிய மன்னன் அவன். கடலின் அருமை அவனுக்குத் தெரியாததன்று. அக்கோயிலின் மேல் அந்நாளில் தீ எரிந்ததென்பது ஊர் வழக்கு.

பல நூற்றாண்டுகள் கழிந்தன. கோயிலின் மேற்பகுதி அழிந்து, தட்டையான கூரை எஞ்சியது. ஆங்கிலேயர் ஆட்சியில் விளக்குக்கு இடம் தேடியவர்கள் வேறெங்கும் போகவில்லை. 1887-இல் அந்தக் கூரையின் மீதே விளக்கை ஏற்றினார்கள்! பின்னர் அருகிலேயே கருங்கல்லால் வட்டக் கோபுரம் எழுப்பப்பட்டு, 1904-இல் முழுமையாக இயங்கத் தொடங்கியது. கோயில் தன் பணியிலிருந்து விடுபட்டது. இரண்டும் இன்று ஒரே பாறைமேல், அருகருகே நிற்கின்றன.