பெயர் வந்த வழி – 9: கொல்லர் கடை அஹ்மது

போன வாரம் தச்சர் குடும்பங்களின் பெயரான நஜ்ஜாரைப் பார்த்தோம். அதே அச்சில் வார்த்தது ஹத்தாத். அரபியில் ஹதீத் என்றால் இரும்பு. குர்ஆனின் 57ஆவது அத்தியாயத்துக்கே அதுதான் பெயர். நடு மெய்யை இரட்டித்து, அடுத்த உயிரை நீட்டினால் அந்தத் தொழில் செய்கிறவர் வந்துவிடுவார். ரொட்டி சுடுகிறவர் கப்பாஸ், துணி தைக்கிறவர் கய்யாத், இரும்படிக்கிறவர் ஹத்தாத்.

சிரியா, லெபனான் பக்கம் இந்தப் பெயர் மலிவு. கிறிஸ்தவர்களிடம் அதிகம், முஸ்லிம்களிடமும் உண்டு. ஏருக்குக் கொழு அடிக்கவும் குதிரைக்கு லாடம் கட்டவும் எல்லா ஊருக்கும் ஒரு கொல்லர் வேண்டியிருந்தாரே! ஆகவே இரண்டு ஹத்தாத்கள் சந்தித்தால் பங்காளி முறை கொண்டாட அவசரப்பட வேண்டாம்.

சரி, ஹத்தாத் என்றாலே பாட்டன் பூட்டன் யாராவது சம்மட்டி பிடித்திருக்க வேண்டுமா? அதுவும் இல்லை. ஏமனில் ஹழ்ரமவ்த் பகுதியில் தரீம் என்றோர் ஊர். நபிகள் நாயகத்தின் வழித்தோன்றல்களான பா அலவி சையிதுகளின் ஊர். அவர்களில் ஒரு கிளைக்கு அல்-ஹத்தாத் என்று பெயர். முன்னோரில் அஹ்மது என்பவர் ஒரு கொல்லர் பட்டறையில் போய் உட்கார்ந்திருப்பாராம். அஹ்மதுகளுக்குப் பஞ்சமில்லாத ஊரில் ‘எந்த அஹ்மது?’ என்று கேட்டால் ஏதாவது அடையாளம் சொல்லித்தானே ஆக வேண்டும்? சொன்ன அடையாளம் பிள்ளை, பேரன் என்று ஒட்டிக்கொண்டது. குடும்பத்தில் வழிவழியாகச் சொல்லிவரும் கதைதான். ஆனால் எனக்கு நம்பத் தோன்றுகிறது. பெருமைக்காகக் கட்டிவிடுகிறவர்கள் இதைவிடப் பகட்டாக ஒன்றைக் கட்டியிருப்பார்கள்.

அந்தக் கிளையில் 1634இல் பிறந்தவர் இமாம் அப்துல்லாஹ் இப்னு அலவி அல்-ஹத்தாத். சின்ன வயதிலேயே அம்மை கண்டு பார்வை போனது. ஆனாலும் பெரிய மார்க்க அறிஞராகி, 1720இல் மறைந்தார். தமிழகத்திலும் இலங்கையிலும் முஸ்லிம் ஊர்களில் ஓதுகிற ஹத்தாத் ராத்திபு அவர் தொகுத்ததுதான். கொல்லுப்பட்டறைத் திண்ணைப் பெயர் நம் பள்ளிவாசல்கள் வரை வந்திருக்கிறது.

மேற்கே போனால் அல்ஜீரியா. 1871இல் கபீலியா மலைப்பகுதி மக்கள் பிரெஞ்சு ஆட்சிக்கு எதிராகக் கிளர்ந்தபோது, அழைப்பு விடுத்தவர்களில் ஒருவர் ரஹ்மானிய்யா என்ற சூஃபி தரீக்காவின் முதியவர் ஷெய்கு அல்-ஹத்தாத். கபீலிய மொழியில் அவர் ஷெய்கு அஹத்தாத். இவர் வீட்டில் மட்டும் பெயர் நிஜமாகவே உலைக்களத்திலிருந்து வந்தது, முன்னோர் கொல்லர்கள்.

கப்பலேறிப் போன ஹத்தாத்களில் அமெரிக்கா சேர்ந்த சிலர், ஆங்கிலத்தில் அதே பொருள் தரும் ஸ்மித் ஆகிவிட்டார்கள். பிரேசில் போனவர்கள் பெயரை மாற்றவில்லை, உச்சரிப்புதான் மாறியது. போர்த்துகீசியத்தில் முதல் ஹ வாயில் வராது, கடைசி த ‘ஜி’ ஆகிவிடும். 2018 அதிபர் தேர்தலில் போல்சொனாரோவிடம் தோற்று, 2023இல் நிதியமைச்சரான பெர்னாண்டோ ஹத்தாதை அவர் நாட்டுக்காரர்கள் கூப்பிடுவது கிட்டத்தட்ட ‘அதாஜி’ என்றுதான். அப்பா லெபனானிலிருந்து வந்த ஜவுளி வியாபாரி. தாத்தாவோ ஆர்த்தடாக்ஸ் பாதிரியார். பாதிரியார் வீடுகளுக்கென்றே அரபியில் தனிப் பெயர் ஒன்று உண்டு: கூரி. அது அடுத்த வாரம்.

(தொடரும்)