பேசாத தகப்பனும் காத்திருக்கும் பிள்ளையும்

"அப்பா ஏன் என்னோட கதைக்கிறேல்லை?" களுபோவிலவின் வாடகை அறைகளில் வாழும் இடம்பெயர்ந்த குடும்பங்களில் இக்கேள்வியைப் பிள்ளைகள் தாயிடமே கேட்கிறார்கள். தகப்பன் வேலையால் வருகிறார், சாப்பிடுகிறார், சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிடுகிறார். அடிப்பதுமில்லை, ஏசுவதுமில்லை. தான் ஏதோ பிழை செய்துவிட்டதாகவே பிள்ளை எண்ணிக்கொள்கிறது.

இந்த மௌனம் எங்கே தொடங்கியது? 1990 ஜூனில் வலிகாமம் வடக்கின் செம்மண் தோட்டங்களை விட்டு வெளியேறியவர்களை நினைத்துப் பார்ப்போம். எமது கமக்காரர் ஊரிலும் பிள்ளையை இருத்திவைத்து அதிகம் கதைத்தவர்கள் அல்லர். ஆனால் வெங்காயத்துக்கு இறைக்கும்போது பிள்ளை வாய்க்காலடியில் நின்று தண்ணீர் மாறியது. "அடுத்த பாத்திக்கு வெட்டிவிடு" என்ற ஒரு சொல்லிலே அதற்குத் தகப்பன் கிடைத்தார். தோட்டம் போனபோது இருவருக்கும் பொதுவாயிருந்த அந்த வேலையும் போயிற்று. பிறகு முகாமில் கைகளைக் கட்டிக்கொண்டு இருந்த தகப்பனைத்தான் பிள்ளை கண்டது. அன்றைய அந்தப் பிள்ளைகளே இன்றைய தகப்பன்மார். தாம் கண்டதையே தம் பிள்ளைகளுக்கும் கொடுக்கிறார்கள்.

போரின் காயம் தனி ஆளோடு நின்றுவிடாது, குடும்பத்தையும் ஊரையும் பாதிக்கும் என்று யாழ்ப்பாணத்தில் நீண்டகாலம் பணியாற்றிய மனநல மருத்துவர் தயா சோமசுந்தரம் எழுதியிருக்கிறார்.

1975இல் அமெரிக்க ஆய்வாளர் எட்வர்ட் ட்ரொனிக் ஒரு பரிசோதனையை விளக்கினார். குழந்தையோடு விளையாடிக்கொண்டிருந்த தாய், சில நிமிடங்கள் முகத்தில் எந்த அசைவுமின்றி இருக்கவேண்டும். குழந்தை சிரித்துப் பார்க்கும், சத்தமிட்டு அழைக்கும், ஈற்றில் முகத்தைத் திருப்பிக்கொள்ளும். தாய் மீண்டும் முகம் கொடுத்தபோது பெரும்பாலான குழந்தைகள், சற்றுச் சிணுங்கினாலும், திரும்பவும் சேர்ந்துகொண்டன. அதாவது, அறுந்த தொடர்பை ஒட்டலாம்.

எப்படி? "பிள்ளையோடு கதையுங்கள்" என்று இவர்களுக்குச் சொல்வதில் பயன் குறைவு. அது அவர்கள் பழகாத வேலை. பழைய வாளியில் இரண்டு மிளகாய்க் கன்று வைத்தால் போதும். எவ்வளவு தண்ணீர், எப்போது பசளை என்று தகப்பனால் சொல்லாமல் இருக்கமுடியாது. தாய்மாரும் "அப்பாவைக் கரைச்சல்படுத்தாதே" என்று பிள்ளையை இழுத்துக்கொள்ளாமல், அந்த வாளியடிக்கு அனுப்பிவிடவேண்டும்.

நித்திரையின்மை, திடுக்கிட்டு எழும்புதல், குடி என்பன கூடவே இருந்தால் வாளியும் கன்றும் போதா. களுபோவிலவிலேயே கொழும்பு தெற்கு போதனா வைத்தியசாலை இருக்கிறது. 1926 என்ற இலக்கத்துக்கு அழைத்தும் மனநல ஆலோசனை கேட்கலாம். கிளினிக்குக்குப் போகும் நாளில் மனைவியும் கூடப் போவது நல்லது. வைத்தியர் கேட்டால் இவர்கள் "ஒன்றுமில்லை" என்று சொல்லிவிட்டு வந்துவிடுவார்கள்.