சாம்பல் நிறம் அறிந்த கை: கஸுவோ மியாகாவா

குரோசவா, மிசோகுச்சி, ஓஸு: ஜப்பானிய சினிமா பற்றிய நம் பேச்சு பெரும்பாலும் இந்த மூன்று பெயர்களுக்குள் முடிந்துபோகிறது. மூவருக்குமே ஒளிப்பதிவு செய்த ஒருவர் இருந்தார். அவர் யாருன்னு நாம் கேட்பதில்லை. இயக்குநரே படைப்பாளி என்கிற சொல்லாடல் ஓர் உழைப்பாளியின் கையை மறைத்துவிடுகிறது. கஸுவோ மியாகாவாவை (1908–1999) முன்வைத்து இதைப் பேசலாமென்று நினைக்கிறேன்.

கியோத்தோவில் பிறந்தவர். சிறுவயதில் கறுப்பு மை ஓவியம் பயின்றார். 1926இல் நிக்காட்சு ஸ்டூடியோவின் லேபில் வேலைக்குச் சேர்ந்தார்; ஒளிப்பதிவாளரானது 1935இல். மையும் லேபும் அவருக்குக் கற்றுத்தந்தது ஒன்றுதான்: கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே எத்தனையோ சாம்பல் நிறங்கள் இருக்கின்றன.

குரோசவாவின் 'ரஷோமான்' (1950) படத்தில், அடர்ந்த காட்டுக்குள் கண்ணாடி வைத்து வெயிலை நடிகர்கள் மேல் திருப்பினார். சூரியனுக்கு நேராகவே கேமராவை நிமிர்த்தினார். மழை கண்ணுக்குத் தெரியவேண்டுமென்று தண்ணீரில் கறுப்பு மை கலந்தார்கள். எது உண்மை என்று தீர்ப்பு சொல்லாத பிரதி அது. இலைநிழல் ஊர்ந்து ஊர்ந்து மாறும் முகங்கள் அதைத்தானே சொல்கின்றன?

மிசோகுச்சியின் 'உகெட்சு'வில் (1953) குயவன் ஊர் திரும்புகிறான். வீடு இருண்டு கிடக்கிறது. அவன் பின்பக்கமாக வெளியேறிச் சுற்றி வருகிறான். உள்ளேயே நிற்கும் கேமரா அவனோடு திரும்புகிறது. வெட்டே கிடையாது. மறுபடி வாசலுக்கு வரும்போது அடுப்பு எரிகிறது, இறந்துபோன மனைவி உட்கார்ந்திருக்கிறாள். ஓஸுவின் 'மிதக்கும் களைகள்' (1959) வண்ணப்படம். அதில் கேமரா அசைவதேயில்லை.

அப்படியானால் இவருக்கென்று சொந்தப் பாணி இல்லையா? தாய்யேய் ஸ்டூடியோவின் சம்பளக்காரர் அவர். 1960களில் குருட்டு வாள்வீரன் ஜட்டோய்ச்சி படத்துக்கும் கேமரா பிடித்தார். 'பன்முகத் திறமை' என்று நாம் புகழ்வதில் பாதி, வேலைநிலைமை விதித்தது. மீதிப் பாதியைப் பார்க்க இச்சிகாவாவின் 'தம்பி' (1960) படத்துக்கு வரவேண்டும். வண்ணப் பிலிமைக் கழுவும்போது அதிலுள்ள வெள்ளியை நீக்கிவிடுவது வழக்கம். மியாகாவா அதை நீக்காமல் விட்டுவைத்தார். நிறம் மங்கியது, கறுப்பு இறுகியது, 1920களை ஒட்டிய காலம் திரையில் வந்தது. பின்னாளில் ஹாலிவுட்டும் கையாண்ட முறை இது. இந்த யோசனை லேபில் வேலை பார்த்தவனுக்குத்தான் வரும்.

பாணி என்பதை 'ஷாட்' வைக்கிற விதத்தில் மட்டும் தேடினால் மியாகாவா நமக்கு அகப்படமாட்டார். ரசாயனத் தொட்டியிலும் தேடவேண்டும். சினிமாவைக் கூட்டு உழைப்பென்று மேடையில் சொல்லிவிட்டு, எழுதும்போது ஒரே பெயரைப் போடுகிற நம் விமர்சனம் இதற்கு இன்னும் தயாராகவில்லை.