ஏரிக்கரையில் ஒரு போர்க்களம்

மணிப்பூர்த் தலைநகர் இம்பாலிலிருந்து தெற்கே செல்லும் திடிம் சாலையில், வழிகாட்டி ஒருவருடன் அரைநாள் பயணம் மேற்கொண்டோம். முதலில் நாம் கண்டது மைபாம் லோக்பா சிங் எனும் செங்குன்று. 1944 மே மாதம் ஜப்பானியப் படையும் பிரிட்டிஷ் இந்தியப் படையும் இங்குக் கடும் போர் புரிந்தன. அடிவாரத்தில் ஜப்பானியர் எழுப்பிய அமைதி நினைவிடமும், 2019இல் திறக்கப்பட்ட அருங்காட்சியகமும் உள்ளன. ஊரார் இப்போரை 'ஜப்பான் லான்' என்கின்றனர். அவர்கள் மொழியில் 'லான்' என்பது போர். பிறர் தொடுத்த போர் அவர்களின் வயல்களில் நடந்தது.

அடுத்து மொய்ராங். 1944 ஏப்ரல் 14 அன்று இந்திய தேசிய இராணுவத்தின் கர்னல் சௌகத் மாலிக் மூவர்ணக் கொடியேற்றிய ஊர் இது. மலாயாத் தோட்டங்களில் உழைத்த தமிழர் பலரும் அப்படையில் சேர்ந்திருந்தனர்; அந்நினைவோடு இங்குள்ள அருங்காட்சியகத்தில் நெடுநேரம் நின்றோம்.

அருகே லோக்தாக் ஏரி. 'பும்டி' எனப்படும் மிதக்கும் புல்திட்டுகளிடையே மீனவர்கள் சிறு படகுகளில் வலை வீசுகின்றனர். நினைவிடங்களோடு திரும்பிவிடாமல் இக்கரைக்கும் வருதல் வேண்டும். படைகள் வந்து சென்றன. வலையையும் ஏரையும் மீண்டும் கையிலெடுத்து வாழ்வை மீட்டவர்கள் இம்மக்களே.

செல்ல விரும்புவோர் உள்நுழைவு அனுமதிச் சீட்டு பெற்று, அவ்வப்போதைய நிலவரம் அறிந்து புறப்படுதல் நன்று.