டூம்: கொடுத்து வளர்ந்த ஆட்டம்

கணினி விளையாட்டுக்களுள், வீரனுடைய கண்வழியே ஆடுவோன் களத்தைக் கண்டு பகைவரைச் சுடுமாறு அமைந்த வகையொன்றுண்டு. அவ்வகையை உலகறியச் செய்தது ‘டூம்’ என்பதாம். அமெரிக்க நாட்டு டெக்சஸ் மாகாணத்து இட் சாப்ட்வேர் நிலையத்தாராகிய ஜான் கார்மாக், ஜான் ரொமேரோ முதலியோர் இதனை 1993-ஆம் ஆண்டு டிசம்பர் 10-ஆம் நாள் வெளியிட்டனர்.

குருதிக் காட்சி மலிந்ததென்று பலர் இதனைக் கடிந்தனர், அக்கடிந்துரை முறையே. ஆயினும் இவ்வாட்டம் முப்பது ஆண்டுகட்கு மேலும் நிலைத்தமைக்குக் காரணம் யாதெனின், கொடையென்றே கூறலாம். மூன்று பகுதிகளுள் முதலாவதை விலையின்றி வழங்கினர். அதனைச் சுவைத்தோர் ஏனையவற்றை விலைகொடுத்து வாங்கினர். படம், ஒலி, களவமைப்பு ஆகியவற்றை ஆட்டத்தை இயக்கும் நிரலினின்றும் பிரித்து வேறு கோப்பில் வைத்தமையால், ஆடுவோர் தாமே புதுக்களங்களைச் சமைக்கலாயினர். 1997-இல் மூல நிரலையும் யாவரும் காண வெளியிட்டனர். அதனாலன்றோ, அந்நாளில் எவரும் கருதாத கருவிகளிலும் அஃது இன்று இயங்குகின்றது!

1994, 2004, 2016, 2020, 2025 ஆகிய ஆண்டுகளில் இத்தொடரிற் புதிய ஆட்டங்களும் தோன்றின. எனினும் முதல் ஆட்டத்தை இன்றும் வாழ்விப்போர் அதனைப் பெற்றுத் திருத்தியவரே. கற்ற கலையைப் பூட்டிவைப்போர் இதனை எண்ணுவாராக.