உப்பும் ஊழியமும்

மரக்காணத்து உப்பளங்களைக் கோடையில் பார்த்தவர்கள், அத்தொழிலில் பாதி உழைப்பு, பாதி பொறுமை என்பதை உணர்ந்திருப்பார்கள். பாத்தியை மிதித்துக் கெட்டிப்படுத்த வேண்டும். உவர்நீரைப் பாய்ச்ச வேண்டும். பிறகு வெயிலும் காற்றும் தம் வேலையைச் செய்து முடிக்கும்வரை காத்திருக்க வேண்டும். விளைந்த பிறகும் எதிர்பாராத மழை ஒன்று பெய்தால் பட்ட பாடெல்லாம் கரைந்து போகும். தொழிலாளி மறுபடியும் பாத்தி மிதிக்கத் தொடங்க வேண்டியதுதான். இயேசுநாதர் தம் சீடர்களை உப்புக்கு ஒப்பிட்டார் என்பர். சுவை தருவது, கெடாமல் காப்பது என்று அதற்குப் பொருள் விரிப்பது வழக்கம். உப்பு விளையும் விதத்தையும் சேர்த்து எண்ணினால் அவ்வுவமை இன்னும் பொருத்தமாகவே நமக்குத் தோன்றுகிறது.

பாதிரிமார்களின் தொண்டைக் குறித்து நம்மவரிடையே நெடுங்காலமாக இருவகை அபிப்பிராயங்கள் உண்டு. அந்நிய ஆட்சியின் நிழலில் வந்தவர்கள், மருந்தையும் படிப்பையும் காட்டி மதத்தை மாற்றியவர்கள் என்பது ஒன்று. குற்றமே அறியாத புண்ணிய புருஷர்கள் என்பது மற்றொன்று. சேவை என்பது மதமாற்றத்திற்குத் தூண்டிலாகக் கூடாது என்று காந்தியடிகள் பலமுறை வற்புறுத்தியிருக்கிறார். அந்த எச்சரிக்கை நியாயமானதே. ஆயினும் ஒரு கேள்வி மிஞ்சி நிற்கிறது. பிறந்த நாட்டின் சுகத்தையெல்லாம் விட்டு, மொழியும் வெயிலும் பழகாத தேசத்தில், ஓர் ஆயுட்காலம் முழுவதும் ஒருவரை நிற்கச் செய்தது எது? இதற்கு விடை தேட நாம் வெகுதூரம் போக வேண்டியதில்லை. மரக்காணத்திலிருந்து மேற்கே ஏறக்குறைய 35 கிலோமீட்டர் தொலைவிலுள்ள திண்டிவனத்திலேயே ஒரு வரலாறு இருக்கிறது.

நியூயார்க்கில் நல்ல வரும்படியோடு வைத்தியம் செய்துவந்த டாக்டர் ஜான் ஸ்கடர், 1819-ஆம் வருஷம் அத்தொழிலைத் துறந்து இலங்கைக்குக் கப்பலேறினார். பின்னர்ச் சென்னைக்கு வந்தார். அவருடைய புதல்வர்களும் அதே ஊழியத்தில் ஈடுபட்டனர். அவர்களுள் ஒருவருடைய மகள்தான் 1870-இல் இராணிப்பேட்டையில் பிறந்த ஐடா ஸ்கடர். சிறு வயதிலேயே தாது வருஷப் பஞ்சத்தின் கொடுமையைக் கண்ணாரக் கண்டவர் அவர். அதனாலேயோ என்னவோ, குடும்பத்தார் எல்லாரும் சென்ற வழியில் தாம் செல்வதில்லை என்று உறுதியாயிருந்தார். அமெரிக்காவில் பள்ளிப் படிப்பை முடித்துவிட்டு, நோயுற்றிருந்த தாயாருக்குத் துணையாக 1890-இல் திண்டிவனம் வந்தபோதும், விரைவில் திரும்பிவிடுவதே அவருடைய எண்ணம்.

அந்நாட்களில் ஓர் இரவு, பிராமணர் ஒருவர் வந்து, தம் மனைவி பிரசவ வேதனையில் துடிப்பதாகவும், ஐடா உடனே வரவேண்டுமென்றும் வேண்டினார். தமக்கு வைத்தியம் தெரியாது, டாக்டராகிய தம் தந்தையாரை அழைத்துச் செல்லுங்கள் என்று ஐடா மன்றாடினார். அந்நிய ஆடவர் தம் மனைவியைத் தொடலாகாது என்று கூறி அவர் போய்விட்டார். சற்று நேரத்தில் ஒரு முஸ்லிம் வந்தார். அதே வேண்டுகோள், அதே மறுப்பு. பின்னர் மற்றோர் ஹிந்து வந்தார். அவரும் அவ்வாறே திரும்பினார். பொழுது விடிந்தபோது மூன்று பெண்களும் இறந்துவிட்ட செய்தி கிடைத்தது. சாதியும் மதமும் வேறாயிருந்த மூன்று இல்லங்களும் இந்த ஒரு விஷயத்தில் ஒன்றாகவே நடந்தன!

இதைப் படிக்கையில் நமக்குத் தலைகுனிவு உண்டாவது இயல்பு. வைத்தியர் இல்லாததால் மட்டும் அப்பெண்கள் மாளவில்லை. வைத்தியர் இருந்தும் மாண்டார்கள். அக்குற்றத்தை எந்த அந்நிய ஆட்சியின் தலையிலும் நாம் சுமத்த முடியாது.

ஐடா அன்று இருவேறு வழிகளில் போயிருக்கலாம். இந்தத் தேசத்தைப் பழித்துவிட்டு ஊர் திரும்புவது ஒரு வழி. அமெரிக்க மாதாகிய காதரீன் மேயோ பின்னாளில் அதைத்தான் செய்தார். நம் நாட்டில் சில மாதங்கள் சுற்றிவிட்டு, 1927-இல் 'மதர் இந்தியா' என்ற நூலை வெளியிட்டார். நம் பெண்கள் பிரசவத்தில் படும் துன்பங்களையும் அதில் விவரித்தார். நாம் சுயராஜ்யத்திற்குத் தகுதியற்றவர்கள் என்பதற்கு அவற்றையே சான்றாக்கினார். சாக்கடையை மட்டும் திறந்து பார்த்து எழுதியதாகக் காந்தியடிகள் அந்நூலைக் கண்டித்தது நேயர்கள் அறிந்ததே.

ஐடா தேர்ந்தது மற்றொரு வழி. அடைத்திருந்த கதவை அவர் உடைக்க முயலவில்லை. அக்கதவு தமக்குத் திறக்கும்படியாகத் தம்மையே மாற்றிக்கொண்டார். அமெரிக்கா சென்று வைத்தியம் பயின்றார். 1899-இல் கார்னெல் வைத்தியக் கல்லூரியில் பட்டம் பெற்று, 1900-ஆம் வருஷத் தொடக்கத்தில் திரும்பி வந்தார். அவ்வருஷமே தந்தையார் காலமானார். வேலூரில் ஒரு சிறிய அறையில் வைத்தியம் தொடங்கியபோது, முதலில் வந்த நோயாளி பிழைக்கவில்லை. சில காலம் ஜனங்கள் வரவே தயங்கினர். விளைந்த உப்பு மழையில் கரைந்தது போன்ற நாட்கள் அவை. ஆயினும் அவர் அவ்விடத்தை விட்டு நகரவில்லை. ஷெல் என்னும் அமெரிக்கச் செல்வர் தம் மனைவியின் நினைவாக அளித்த 10,000 டாலரைக் கொண்டு, 40 படுக்கைகள் உள்ள பெண்கள் வைத்தியசாலை 1902-இல் திறக்கப்பெற்றது. 1909 முதல் மோட்டார் வண்டியில் மருந்துப் பெட்டியுடன் குடியாத்தம் சாலையில் சென்று, மரநிழல்களில் நிறுத்தி, கிராமத்தாருக்குச் சிகிச்சை செய்தார்.

ஒருவர் எவ்வளவு உழைத்தாலும் எத்தனை கதவுகளுக்குப் போக முடியும்? ஆகவே இந்நாட்டுப் பெண்களே இந்நாட்டுப் பெண்களுக்கு வைத்தியம் செய்ய வேண்டும் என்று அவர் கருதினார். 1909-இல் தாதியர் பள்ளி தொடங்கியது. 1918-இல் பெண்களுக்கான வைத்தியப் பள்ளி தொடங்கியபோது, மாணவிகள் வரமாட்டார்கள் என்றே பலரும் சொன்னார்கள். விண்ணப்பம் செய்தவர்களோ 151 பேர்! முதல் வகுப்பில் 14 பேர் 1922-இல் பரீட்சை எழுதினர். 14 பேருமே தேறினர். அப்பள்ளி பின்னர்ப் பட்டம் அளிக்கும் கல்லூரியாக உயர்ந்து, 1947 முதல் ஆண்களையும் சேர்த்துக்கொண்டது. மணம் புரியாமலே வாழ்ந்த ஐடா அம்மையார், இவற்றையெல்லாம் கண்டு, 1960 மே மாதத்தில் கொடைக்கானலில் காலமானார்.

அவர் செய்தவை யாவும் கிறிஸ்துவின் பொருட்டே. அதை அவர் ஒருபோதும் மறைத்ததில்லை. அந்த விசுவாசத்தை நீக்கிவிட்டு அவருடைய வாழ்க்கையை விளக்குவது இயலாத காரியம். ஆனால் விசுவாசத்தை உரைத்துப் பார்க்க ஒரு கல் உண்டு. தான் பெற்ற வித்தையைத் தன்னிடமே வைத்துக்கொண்டு பிறரை என்றும் கைநீட்டி நிற்கச் செய்கிறதா, அல்லது அவ்வித்தையைப் பிறர் கையில் கொடுத்துவிடுகிறதா என்பதே அது. வேலூரில் நடந்தது இரண்டாவது. இத்தகைய பக்தி எந்த ஒரு மதத்தின் தனிச்சொத்தும் அன்று. புதுக்கோட்டையில் பிறந்து, 1912-இல் சென்னை வைத்தியக் கல்லூரியில் தேறிய டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி, 1954-இல் அடையாற்றில் புற்றுநோய் நிலையத்தை நிறுவியதும் அத்தகையதோர் உறுதியால்தான்.

இன்று உப்பளக் கரையோரத்துப் பெண் ஒருத்தியின் பிரசவத்திற்குப் பெண் டாக்டர் வந்து நின்றால், யாரும் அதை அதிசயமாகப் பேசுவதில்லை. அந்த நிலைமை தானாக வந்துவிடவில்லை. உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பது நம் பழமொழி. இட்டவர் எந்தத் தேசத்தார், எந்தச் சந்நிதியில் தொழுதவர் என்று அது கேட்கவில்லை. அந்நன்றியைச் செலுத்த வாய்ச்சொல் போதாது. பட்டம் பெற்ற நம் பிள்ளைகளும் பெண்களும் பட்டணத்து வீதிகளிலேயே தங்கிவிடாமல், மரக்காணம் போன்ற கரைகளுக்குச் சென்று சில வருஷங்களேனும் நிலைத்திருப்பார்களானால், அதுவே தக்க கைம்மாறு ஆகும்.